பெயர்களில்லாத ஒரு கட்சியின் வரலாறு

வகுப்பில் கணித மிஸ் ஒரு பிள்ளையையேனும் பெயர் சொல்லி அழைத்து நான் கேட்டதில்லை. வரவுப் பதிவேட்டைத் திறந்து வைத்துக்கொண்டு, "ஒண்டு, ரெண்டு, மூண்டு" என்று இலக்கங்களை மட்டும் வாசிப்பார். ஒவ்வோர் இலக்கத்துக்கும் ஒரு "உள்ளேன் மிஸ்" எழும். பதில் வராவிட்டால் பின்வரிசையிலிருந்து, "பதினேழுக்குக் காய்ச்சல் மிஸ்" என்றோ, "இருபத்தொண்ணு கொழும்புக்கு வேலைக்குப் போயிருச்சு மிஸ்" என்றோ தகவல் வரும்.

"மிஸ், இது பள்ளிக்கூடமா, ஜெயிலா?" என்று ஒருநாள் பள்ளி அதிபர் கேட்டுவிட்டார்.

"கணக்குப் பாடம்தானே, சேர். இலக்கம் பழகட்டும்" என்றார் அவர். முகத்தில் சிரிப்பில்லை. அதிபருக்குத்தான் சிரிப்பு வந்தது.

எனக்கு வரவில்லை. அந்தத் தோட்டத்து மேல் லயத்தில், தொழிலாளரின் வரிசை வீடுகளில், பிறந்து, படித்து, அதே பள்ளிக்கூடத்துக்குத் தமிழ் ஆசிரியையாக வந்தவள் நான். வடக்கிலிருந்து வந்த ஆசிரியர்களில் சிலர் எங்கள் பிள்ளைகளைத் தலைகளாக எண்ணிவிட்டு, மாற்றல் கடிதம் வந்த அன்றே பெட்டியைக் கட்டியதைப் பார்த்திருக்கிறேன். இவரும் அப்படித்தான் என்று முதல் ஆண்டு முழுவதும் நினைத்திருந்தேன். ஆனால் இவருக்கு மாற்றல் கடிதம் இரண்டு முறை வந்தது. இரண்டு முறையும் வேண்டாமென்று எழுதிக் கொடுத்தார். பதினேழாம் இலக்கப் பிள்ளைக்குக் காய்ச்சலென்றால் மாலையில் பாண் ரொட்டி ஒன்றும் பனடோல் அட்டை ஒன்றும் வாங்கிக்கொண்டு லயத்துக்கு ஏறிப் போவார். அங்கேயும் பெயர் சொல்லமாட்டார். "பிள்ளைக்கு இப்ப எப்பிடி?" என்றுதான் கேட்பார்.

எனக்கும் அவர் வைத்திருந்த அழைப்பு அதுதான்: பிள்ளை. அதிபர் சேர், பஸ் நடத்துநர் தம்பி, பால் கொண்டுவரும் சிங்களப் பெண் அவள் மொழியில் தங்கை, நங்கி. பாதையில் எவராவது ஒரு பெயரை உரக்கக் கூப்பிட்டால், கூப்பிடப்பட்டவருக்கு முன்னரே இவர் திரும்பிவிடுவார். எவரைக் கூப்பிட்டார்கள் என்றல்ல, கூப்பிட்டது எவரென்று பார்ப்பார். பார்த்து முடியும்வரை குடையைப் பிடித்த கை இறுகியிருக்கும்.

ஓய்வு பெற்ற பின்னரும் அவர் போகவில்லை. தோட்டத்தில் மருந்து கொடுப்பவர் முன்பு குடியிருந்த பழைய டிஸ்பென்சர் குவாட்டர்ஸில் ஓர் அறையை வாடகைக்கு எடுத்துக்கொண்டார். ருவான்வெல்லைக்கு இரண்டு பஸ் மாறிப் போகவேண்டிய இடம். கீழே ரப்பர், மேலே தேயிலை, இரண்டுக்கும் நடுவில் அந்த வீடு. சனிக்கிழமைகளில் நூலகத்திலிருந்து எடுத்த புத்தகங்களை அவருக்குக் கொண்டுபோவேன். அப்படிப் போன ஒரு சனிக்கிழமையில்தான் மேசைமேல் அந்த ஐந்து கொப்பிகளையும் கண்டேன். ஆண்டுக்கணக்கில் எழுதப்பட்டவை. ஓர் எழுத்துகூடக் கோணாத, வட்டமான, அச்சிட்டதுபோன்ற கையெழுத்து.

"ஒரு கட்சியின்ர வரலாறு" என்றார். "தமிழ் பிழையிருந்தால் திருத்து, பிள்ளை."

எந்தக் கட்சி என்று கேட்டேன். ஆப்பிரிக்காவின் மேற்குக் கரையிலே ஒரு நாடு என்றார். அதற்குமேல் சொல்லவில்லை. கொப்பிகளிலும் நாட்டின் பெயர் இல்லை, கட்சியின் பெயர் இல்லை, ஒரு மனிதரின் பெயரும் இல்லை. முதல் வசனம் இப்படி இருந்தது: "இக்கட்சி ரயில் நிலையமொன்றின் பொருட்கொட்டகையில் பிறந்தது."

ரயில் பட்டறைத் தொழிலாளரும், ஆரம்பப் பள்ளி ஆசிரியரும், நிலக்கடலை விவசாயிகளின் கூட்டுறவுச் சங்கத்தாரும் ஒரு மழைநாளில் அந்தக் கொட்டகையில் கூடியிருக்கிறார்கள். வெள்ளைக்காரர் போய்விட்டார்கள், ஆனால் கடலையின் விலையை அவர்களே இன்னும் தீர்மானிக்கிறார்கள் என்பதே அன்றைய பேச்சு. புரட்சி வேண்டுமென்றார் ஒரு பொருத்துநர். புரட்சிக்குப் பிறகு பள்ளிக்கூடத்தை யார் நடத்துவது என்று கேட்டார் ஓர் ஆசிரியர். அந்தக் கேள்வியோடு கட்சி இடதுபக்கம் நின்றபடியே நடுவை நோக்கி ஓரடி நகர்ந்தது என்று எழுதியிருந்தார். சின்னம் சுரைக்குடுவை. தேர்தலில் இரண்டு முறை தோற்றது. பெரிய முதலாளிகளின் கட்சியோடு கூட்டுச் சேரலாமா என்ற சண்டையில் ஒருமுறை பிளந்தது. மூன்றாம் முறை, கிராமத்துக்கொரு பள்ளிக்கூடம் என்று வாக்களித்து வென்றது. பள்ளிக்கூடங்களைக் கட்டி முடித்த பின்னர்தான் படிப்பிக்க ஆளில்லை என்பது அமைச்சருக்குத் தெரிந்தது. வெளிநாடுகளின் பத்திரிகைகளில் விளம்பரம் செய்தார்கள். அந்த விளம்பரத்தைப் பார்த்துத்தான் இருபத்தெட்டு வயதில் அவர் அங்கே போனார். ஆனால் இது கொப்பியில் இல்லை, கேட்டபோது சொன்னார்.

நாலாவது கொப்பியை நான் மூன்று முறை வாசித்தேன். ஆட்சியிலிருந்த கட்சிக்கு ஆளே இல்லை, மேடைக்கு வந்த கூட்டம் சோற்றுக்கு வந்த கூட்டம் என்று எதிர்க்கட்சிப் பத்திரிகை ஏளனம் செய்கிறது. அதற்குப் பதிலாக ஊர் ஊராக அங்கத்தவர் பதிவேடு தயாரிக்கக் கட்சி முடிவெடுக்கிறது. மனிதர்கள் வெயிலில் வரிசையில் நிற்கிறார்கள். தங்கள் பெயர் முதன்முதலாக ஒரு புத்தகத்தில் ஏறுவதைப் பார்க்கப் பெண்கள் நல்ல உடை உடுத்தி வருகிறார்கள். பிறகு ஒரு வசனம்: "எமது மாவட்டத்தின் பதிவேட்டை எழுதும் பணி, கையெழுத்து நன்றாயிருந்த ஒருவரிடம் ஒப்படைக்கப்பட்டது." அடுத்த பக்கத்தில் இராணுவம் ஆட்சியைப் பிடிக்கிறது. கட்சி தடை செய்யப்படுகிறது. அலுவலகத்தின் இரும்பு அலுமாரி உடைக்கப்படுகிறது. அலுமாரியிலிருந்து எடுக்கப்பட்டது எதுவென்று எழுதப்படவில்லை. அரைப் பக்கம் வெறுமையாக விடப்பட்டிருந்தது.

கையெழுத்து நன்றாயிருந்தவர் யாரென்று நான் கேட்கவில்லை. ஐந்து கொப்பிகளும் என் முன்னால் அதே கையெழுத்தில்தான் இருந்தன.

அரநாயக்கவில் மலை சரிந்த அடுத்த ஆண்டு, எங்கள் மேல் லயத்தின் பின்சுவரிலும் வெடிப்பு விழுந்தது. அதிகாரிகள் வந்து பார்த்துவிட்டு, இங்கே இனி இருக்கக்கூடாது என்று சொல்லிச் சுவரில் சிவப்புப் பெயின்ட் பூசிவிட்டுப் போனார்கள். இருபத்தாறு குடும்பங்கள். கீழே காணி ஒதுக்கி வீடு கட்டித் தருவதாகவும், வெள்ளிக்கிழமைக்குள் குடும்பப் பட்டியல் வேண்டுமென்றும் சொல்லப்பட்டது. தோட்டத்துத் தொழிற்சங்கத் தலைவராக இருந்தவர் என் அண்ணன். ரப்பர்ப் பால் வெட்டுபவர். எழுத்தென்றால் கையொப்பம் மட்டும். அவருடைய கடைசிப் பிள்ளை அந்த வெடித்த சுவரோடு ஒட்டித்தான் உறங்கும்.

"மிஸ்கிட்ட குடுப்போம்" என்றார் அண்ணன். "அவங்க எழுத்தப் பாத்தா எந்த ஆபீஸும் திருப்பாது."

மிஸ் மறுக்கவில்லை. தலையசைத்தார். மறுநாளிலிருந்து மூன்று நாள் லயத்துக்கு ஏறி வந்தார். ஒவ்வொரு வீட்டிலும் அடிமட்டத்தோடு நின்றார். வெள்ளிக்கிழமை காலை ஒட்டப்பட்ட உறையொன்றைத் தந்தார். அதைப் பிரிக்காமலே நானும் அண்ணனும் கிராம அலுவலரிடம், எங்கள் பேச்சில் ஜி.எஸ். மாத்தயாவிடம், கொண்டுபோனோம்.

அவர் பிரித்தார். முதல் தாளைப் பார்த்தார். திருப்பினார். மறுபடி முன்பக்கம் பார்த்தார்.

"நம் கோ?" என்றார். பெயர்கள் எங்கே என்று.

நான் எட்டிப் பார்த்தேன். "கதவு 1: பெரியவர் 3, சிறுவர் 2. வடக்குச் சுவரில் வெடிப்பு, நீளம் நான்கு அடி, அகலம் அரை அங்குலம். கதவு 2: பெரியவர் 2, சிறுவர் 4..." இப்படியே இருபத்தாறு கதவுகள். ஒவ்வொரு சுவரின் காயமும் அளந்து எழுதப்பட்டிருந்தது. ஒரு பெயர்கூட இல்லை.

ஜி.எஸ். மாத்தயா நல்ல மனிதர். தமிழில் சொல்ல முயன்றார்: "வெடிப்புக்கு வீடு குடுக்க முடியாது, மிஸ். ஆளுக்குத்தான் குடுக்கணும். திங்கக்கிழமை காலைல பேரோட வாங்க. அதுக்கு மேல என் கைல இல்ல."

திரும்பும் வழியில், லயத்துக்குப் பிரியும் முடக்கில் அண்ணன் நின்றார். "தலைய எண்ணிக் குடுக்க நாங்க என்ன மாட்டுப்பட்டியா? ஒங்க மிஸ்கிட்ட கேட்டுட்டு வா."

கேட்கப் போனேன். பிற்பகல் மழை தொடங்கியிருந்தது. அவர் கதவைத் திறந்ததுமே என் முகத்தைப் பார்த்துத் தெரிந்துகொண்டார்.

"பிழைதான்" என்றார். "தெரிஞ்சுதான் செய்தனான். ஒருவேளை பெயரில்லாமலும் எடுப்பினமோ எண்டு நினைச்சன்."

எனக்குக் கோபம் வந்தது. அவரிடம் அதுவரை வராத கோபம். "மிஸ், எங்கப்பாவுக்கு நாப்பது வயசு வரைக்கும் ஓட்டு இல்ல. இந்த நாட்டுக்காரரும் இல்ல, இந்தியாக்காரரும் இல்ல. ஏன் தெரியுமா? ஒரு லிஸ்ட்டுல பேரு வுட்டுப்போச்சு. அவ்வளவுதான். கணக்கப்பிள்ளை எழுதுறப்ப அவரு மலையில வேலையில இருந்தாராம். பேரு இருந்தா என்ன ஆகுமோன்னு நீங்க பயப்படுறீங்க. பேரு இல்லாட்டி என்ன ஆகும்னு நாங்க பாத்துட்டோம்."

கேத்தல் கொதித்து, கொதித்து, தானாக அணைந்தது.

"அந்தப் புத்தகத்தை எழுதினது நான்தான். உனக்கு முந்தியே விளங்கியிருக்கும்."

"விளங்கிச்சு மிஸ்."

"நான் அங்கத்தவர் இல்லை. வெளிநாட்டுக்காரி, சேர ஏலாது. கையெழுத்து வடிவெண்டு தந்தினம். பெயர், தகப்பன்ர பெயர், ஊர், தொழில். எல்லாம் நேர் கோட்டில எழுதினனான். ஆமிக்காரர் அதை வைச்சுக்கொண்டு ஒவ்வொரு ஊரா வந்தவை. சந்தைக்கு நடுவில நிண்டு பெயர் வாசிச்சவை. நான் பள்ளிக்கூட யன்னலுக்குள்ளால கேட்டுக்கொண்டு நிண்டனான். ஒரு இடத்திலயும் தடக்குப்படேல்லை, பிள்ளை. வாசிக்கக் கொஞ்சம் கஷ்டப்பட்டிருந்தால் ஒரு நாலு பேராவது ஓடியிருப்பினம். அவ்வளவு தெளிவா எழுதியிருந்தனான்."

எத்தனை பேர் என்று கேட்டேன். கேட்டிருக்கக் கூடாது.

"எண்ணேல்லை" என்றார் கணித ஆசிரியை. "மூண்டாம் நாள் நான் பிளேனில. ஒப்பந்த ஆசிரியை எண்டு டிக்கெட் எடுத்துத் தந்தினம். ஆரும் என்னை ஒரு கேள்வி கேக்கேல்லை."

"நானே எழுதுறேன் மிஸ். ஒங்களுக்கு வேணாம்" என்றேன்.

அவர் எழுந்து ஐந்தாவது கொப்பியை எடுத்தார். ஆனால் திறக்கவில்லை, கையால் மூடிக்கொண்டே பேசினார். "இதையும் கேள். பத்து வருசத்துக்குப் பிறகு தடையை எடுத்தினம். கட்சி திரும்பி வந்தது. ஆனா ஒருத்தரும் பெயர் தரேல்லை. கூட்டத்துக்கு வருவினம், கை தட்டுவினம், எழுதக் கூப்பிட்டால் போயிடுவினம். அங்கத்தவர் இல்லாத கட்சியில ஆர் முடிவெடுக்கிறது? லொறி வைச்சிருந்தவை எடுத்தினம். கடலை வாங்கி விக்கிற முதலாளி வேட்பாளராய் வந்தார். பள்ளிக்கூடத்துக்குக் கட்டணம் வைக்கிற சட்டத்துக்கு அதே சுரைக்குடுவைக் கட்சிதான் கை உயர்த்தினது. ஏனெண்டு கேக்கிறதுக்கு உரிமையுள்ள ஒரு பெயர்கூட அவையிட்ட இல்லை. இதை எழுதி முடிச்சே நாலு வருசமாச்சு. எழுதின எனக்கே இப்பதான் உறைக்குது." பிறகு என்னைப் பார்த்தார். "ஞாயிற்றுக்கிழமை லயத்தில எல்லாரும் நிப்பினமோ?"

ஞாயிற்றுக்கிழமை அவர் ஒவ்வொரு கதவின் முன்னும் நின்று, வயது வந்த ஒவ்வொருவரிடமும் தனித்தனியாகக் கேட்டார். "உங்கட பெயரை இதில எழுதப்போறன். இது வீட்டுக்கு. ஆனா தாள் ஆரிட்டப் போகும் எண்டு எனக்குச் சொல்ல ஏலாது. எழுதட்டோ?"

இப்படி ஒரு கேள்வியை எவரும் எங்களிடம் கேட்டதில்லை. முதலில் சிரித்தார்கள்.

"எழுதுங்க மிஸ். ஓட்டுக் கேக்க வர்றவனுங்க பேரே கேக்காமப் போறானுங்க, நீங்க இவ்வளவு தூரம் கேக்குறீங்க" என்றார் நாலாம் கதவுக்காரர்.

ஒன்பதாம் கதவுப் பெண் இடுப்பில் கை வைத்துக்கொண்டு, "என் வீட்டுக்காரரு பேரையும் எழுதணுங்களா? அந்தாளு குடிச்சிட்டு இந்த லயத்துலயே கெடக்கட்டுமே" என்றார். உள்ளேயிருந்து, "எழுதிருங்க மிஸ், அவ சொல்றத கேக்காதீங்க" என்று ஒரு குரல் வந்தது. லயம் முழுவதும் சிரித்தது. அவர் மட்டும் சிரிக்காமல், அந்தப் பெண் "சரி, எழுதுங்க" என்று சொல்லும்வரை பேனாவை உயர்த்திப் பிடித்தபடி நின்றார்.

அண்ணன் முறை வந்தபோது அவர் பேனா சற்று நின்றது. "நீங்கள் தலைவர். உங்கட பெயர்தான் முதலாவதா வரும். முதலாவது பெயரைத்தான் முதல்ல வாசிப்பினம்."

"வாசிக்கட்டுங்க மிஸ்" என்றார் அண்ணன். கோபம் இறங்கியிருந்தது. "எங்கப்பா பேர ஒருத்தனும் வாசிக்கல."

தமிழிலும் ஆங்கிலத்திலும் இரண்டு நிரல்களாக எழுதினார். அதே வட்டமான எழுத்து. திங்கட்கிழமை பட்டியல் ஏற்றுக்கொள்ளப்பட்டது. இன்று அந்த இருபத்தாறு குடும்பங்களும் கீழே, தத்தம் பெயரில் காணி உறுதிப் பத்திரமுள்ள வீடுகளில் இருப்பது அந்தத் தாளினால்தான். அதை மறைப்பது நன்றியாகாது. ஆனால் வீடுகள் உடனே வரவில்லை. காணி அளந்து கட்டை அடித்ததோடு வேலை நின்றது. இரண்டு மழைக்காலம் போயிற்று. அரை அங்குல வெடிப்பு இரண்டு அங்குலமாயிற்று. அந்தக் காலம் முழுவதும் மாதம் ஒருமுறை அவர் என்னைக் கேட்பார்: "அந்தத் தாள் இப்ப ஆரிட்ட இருக்கு, பிள்ளை?" நான் ஏதாவது ஓர் அலுவலகத்தின் பெயரைச் சொல்வேன். அவர் தலையசைப்பார். அன்றைக்குத் தேநீரைக் குடிக்கமாட்டார்.

மூன்றாம் மழை தொடங்கியபோது லயத்துக்காரர்கள் பிள்ளைகளோடு இறங்கிப் பிரதான பாதையில் வீடு கேட்டு உட்கார்ந்தார்கள். அரை நாள் பஸ் ஓடவில்லை. நெரிசலில் ஒரு வாகனத்தின் கண்ணாடி உடைந்தது. எவர் உடைத்தாரென்று இன்றுவரை தெரியாது. இரண்டு நாள் கழித்து, காலை பத்து மணிக்கு, ஒரு பொலிஸ் ஜீப் லயத்துக்கு ஏறி வந்தது. அன்று பாடசாலை விடுமுறை. நான் அண்ணன் வீட்டில் இருந்தேன்.

சார்ஜன்ட் ஒருவர் இறங்கி, மடித்திருந்த போட்டோக் கொப்பி ஒன்றை விரித்தார். நிழல் விழுந்த பிரதியிலும் அந்த எழுத்தை நான் அடையாளம் கண்டேன். வீட்டுக்கென்று கொடுத்த பட்டியல். அது எப்படி அவர் கைக்கு வந்ததென்று கேட்க எவருக்கும் நாக்கு எழவில்லை.

சார்ஜன்ட் முதலாவது பெயரை வாசித்தார். தடக்கவில்லை.

அண்ணன் முன்னால் போனார். வாக்குமூலம் எடுக்க வேண்டும், ஏறு என்றார்கள். அண்ணி அழத் தொடங்கினார். அப்போதுதான் குறுக்குப் பாதையில் மிஸ் ஏறி வருவதைக் கண்டேன். அவருடைய வாசலைத் தாண்டித்தான் ஜீப் வந்திருக்கவேண்டும். குடை இல்லை. ஒரு காலில் மட்டும் செருப்பு. மூச்சு வாங்கியது, பேச முடியவில்லை. கையை மட்டும் நீட்டி அந்தத் தாளைக் காட்டினார்.

"சொல்லு, பிள்ளை. உந்தத் தாளை எழுதினது நான். வீட்டுக்கு மட்டும் எழுதினது. இதில இருக்கிறவை என்ன செய்தவை எண்டு இந்தத் தாளில இல்லை எண்டு சொல்லு."

நான் சிங்களத்தில் சொன்னேன். கொஞ்சம் பணிவு சேர்த்துச் சொன்னேன். சார்ஜன்ட் அவரை மேலும் கீழும் பார்த்தார். "இதுக்கும் அம்மாவுக்கும் சம்பந்தமில்ல, வீட்டுக்குப் போகச் சொல்லுங்க" என்றார்.

"நீ குறைச்சுச் சொல்லுறாய்" என்றார் என்னிடம். பின்னர் எவருடைய அனுமதியையும் கேளாமல் ஜீப்பின் பின்பக்கம் ஏறி, அண்ணனுக்குப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார். நானும் ஏறினேன்.

பொலிஸ் நிலையத்தின் வாங்குப் பலகையில் நான்கு மணித்தியாலம் இருந்தோம். அண்ணனை உள்ளே கூப்பிட்டபோது மிஸ்ஸும் எழுந்தார், தடுத்தார்கள். கதவுக்கு இந்தப் பக்கம் நின்றார். உட்காருங்கள் என்று நான் இரண்டு முறை சொன்னேன். ஒற்றை வெறுங்கால் சீமெந்துத் தரையில் ஊன்றியிருந்தது. உள்ளேயிருந்து அண்ணனின் பெயர் கேட்கும்போதெல்லாம் அவர் உதடு அசைந்தது. அவரும் அந்தப் பெயரைச் சத்தமில்லாமல் சொல்லிக்கொண்டிருந்தார் என்பது எனக்குச் சற்றுப் பின்னர்தான் புரிந்தது.

இளம் கான்ஸ்டபிள் ஒருவர் இரக்கப்பட்டு, "அம்மே, நீங்க போங்க. ஒங்களை ஒண்ணும் கேக்கல" என்றார்.

"கேக்காதபடியாத்தான் நிக்கிறன்" என்றார் அவர்.

மூன்று மணிக்கு அண்ணன் வெளியே வந்தார். அடிக்கவில்லை, கண்ணாடியைப் பற்றி மட்டும் கேட்டார்கள் என்று என்னிடம் சொன்னார். குரல் வேறாக இருந்தது. சார்ஜன்ட் பின்னால் வந்து, போகலாம், ஆனால் வியாழக்கிழமை திரும்பவும் வரவேண்டும், பட்டியலிலுள்ள மற்றவர்களையும் கூப்பிடுவோம் என்றார். அந்தப் போட்டோக் கொப்பியை எங்கள் கண்முன்னே மடித்து மேசை லாச்சிக்குள் போட்டு மூடினார்.

அண்ணன் தலையசைத்துவிட்டு வாசலை நோக்கி நடந்தார். நானும் திரும்பினேன். அவர் மட்டும் அந்த மேசையின் முன் அசையாமல் நின்றார்.

"வியாழக்கிழமை எத்தினை மணிக்கு வரவேணும் எண்டு கேள், பிள்ளை."